காளிதாஸ் வளர்த்த முடி

ஜொகூரின் லாயாங் லாயாங் ஊர்க் கோயிலில் காளிதாஸை எல்லாரும் பக்திமான் என்றே நம்பியிருந்தார்கள். காரணம், இடுப்பைத் தொட்ட அவன் முடி.

அவன் ஹெவி மெட்டல் கிட்டார்காரன். வாரநாள்களில் செடெனாக் தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுவான். சனிக்கிழமை ஜொகூர் பாருவில் தலையைச் சுழற்றி வாசிப்பான். இருபத்திரண்டு வயதில் முடி தோளுக்கு வந்தபோது, கோயிலில் பக்கத்து வீட்டுத் தேன்மொழியக்கா, "முருகனுக்காப்பா?" என்று கேட்டார். விளக்கம் சொல்லச் சோம்பல்பட்டுத் தலையாட்டிவிட்டான். அன்றிலிருந்து முடியைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள், இரண்டு ஆல்பங்கள்.

இந்தத் தை மாதம் ஜகார்த்தா இசைவிழாவிலிருந்து அழைப்பு வந்தது. முதல் வெளிநாட்டு மேடை. சேதி கேட்ட அம்மா செல்லம் கையைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

"அப்போ தைப்பூசத்துக்கு முடி இறக்கிரலாம்."

மேடைக்கு இன்னும் மூன்று வாரம்தான். உண்மையைச் சொல்வதைத் தவிர வழியில்லை.

"மா, நான் எந்த வேண்டுதலும் வைக்கலமா. சும்மா தலையாட்டிட்டேன்."

"தெரியும்லா. வச்சது நான். வளக்குற முடி வீணா போவானேன்னு, கடல் தாண்டி உன்னை வாசிக்கக் கூப்பிடணும்னு நேர்ந்துக்கிட்டேன்."

அவன் வாசிக்கத் தொடங்கினால் சன்னலைச் சாத்தும் அம்மாவா? எத்தனை வருடமாக? இந்தச் சத்தத்தில் அவருக்கு என்ன கேட்டிருக்கும்?

"நல்லா வாசிக்கணும்னு வேண்டிக்கலையா?"

"அது உன் வேலைடா. சாமிகிட்ட எதுக்குக் கேக்கணும்?"

டிரம்ஸ் வாசிக்கும் லோகேஸ்வரன் போனில் அலறினான். "அலமாக்! போஸ்டர்ல பாதி உன் முடிதான்டா. சவுரி வச்சுக்கலாமா?"

"சுத்துனா பறந்துரும்லா."

"அம்மாகிட்ட ஒரு மாசம் தள்ளிக் கேளு."

கேட்டிருக்கலாம். அம்மா சரியென்றும் சொல்லியிருப்பார். ஆனால், தனக்காக ஒருவர் இத்தனை காலம் காத்திருந்ததை அறிந்தபின் தள்ளிப்போடச் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. தைப்பூசத்தன்று நாவிதர் முன் உட்கார்ந்தான். முடி மடியில் விழுந்தபோது, இது தன்னுடையதா அம்மாவுடையதா என்று புரியாமல் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஜகார்த்தாவில் முதல் பாட்டிலேயே பழக்கத்தில் தலையைச் சுழற்றினான். முகத்தில் எதுவும் விழவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் முடித்திரைக்குப் பின்னால் வாசித்தவனுக்குக் கூட்டம் இப்போது முகம் முகமாகத் தெரிந்தது. ஒருவன் கண்களை மூடி நின்றான். முக்காடிட்ட ஒரு பெண், அவனுடைய பாட்டின் தமிழ் வரிகளை அப்படியே உதட்டில் ஓட்டிக்கொண்டிருந்தாள். இவளுக்கு இது எப்படித் தெரியும் என்று யோசித்ததில் விரல் ஒரு கம்பி தவறியது.

பின்னாலிருந்து லோகேஸ்வரன் முறைத்தான். காளிதாஸ் அவளைப் பார்த்தபடியே தாளத்தைப் பிடித்துக்கொண்டான்.