முன்னால் மட்டும் இரண்டு டயர்

நெய்னா முகம்மது ஷார்ஜாவில் பதினான்கு வருடம் இருந்தார். அதில் பதினோரு வருடம் ஒரு டயர் கடையில் டயர் கழற்றி மாட்டினார். கடைசி மூன்று வருடம் பக்கத்து கேரேஜில், ஒரு பெஷாவர்க்காரருக்குக் கீழே, சொன்ன நட்டைக் கழற்றினார், பிடிக்கச் சொன்ன இடத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். இந்தக் கணக்கை ஊரில் யாரிடமும் அவர் சொன்னதில்லை. 2001-இல் விடுமுறைக்கு அதிராம்பட்டினம் வந்திருந்தபோது பெண் வீட்டில், “மாப்பிள்ளைக்கு அங்க என்ன வேலை?” என்று கேட்டார்கள். “ஹெட் மெக்கானிக்” என்றார். ஒரு வார்த்தைதான். பெண் வீட்டார் சிரித்த முகமாகத் தலையாட்டினார்கள். சபிஹாவுடன் நிக்காஹ் முடிந்தது.

2009-இல் ஷார்ஜாவில் ஆட்களைக் கும்பல் கும்பலாகத் திருப்பி அனுப்பியபோது அவரும் வந்து சேர்ந்தார். தஞ்சாவூரை விட்டு வெளியே வரும் ஒரத்தநாடு சாலையில் ஒரு தகரக் கொட்டகையைப் பிடித்து ‘ஷார்ஜா ஆட்டோ ஒர்க்ஸ்’ என்று பெயர் வைத்தார். டாக்டர்களும் ரைஸ்மில்காரர்களும் அமெரிக்காவில் பிள்ளைகள் இருக்கிறவர்களும் கார் வாங்கித் தள்ளிக்கொண்டிருந்த காலம் அது. சீக்கிரமே ‘ஷார்ஜா பாய்’ என்று பேரெடுத்துவிட்டார். வேலை தெரியாதவர் இல்லை. பிரேக்கும் கிளட்ச்சும் சஸ்பென்ஷனும் சுத்தமாகச் செய்வார். ஒன்றே ஒன்றுதான் அவருக்கு வராது. எவ்வளவு பெரிய வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தி என்ன கேட்டாலும், ‘எனக்குத் தெரியலை’ என்று சொல்ல வராது.

இரண்டு வருடம் கழித்து செல்லதுரை அவரிடம் வேலைக்கு வந்தார். ஒரத்தநாட்டுப் பக்கத்து ஆள், ஐம்பது வயது தாண்டியவர். இருபத்தைந்து வருடமாக டிராக்டர் ரிப்பேர் வேலை பார்த்தவர். நெய்னாவை விட மூத்தவர் என்பதால் அவரை நெய்னா ‘அண்ணே’ என்பார், அவர் இவரை ‘பாய்’ என்பார். செல்லதுரை அதிகம் பேசமாட்டார். கியர் பெட்டியைத் திறந்தால் முதலில் எண்ணெயை விரலில் தொட்டு, தேய்த்து, முகர்ந்து பார்ப்பார். அதிலேயே பாதி நோயைச் சொல்லிவிடுவார். கார் சொந்தக்காரர்கள் பாராட்டும்போது நெய்னா அதைத் தன் பக்கம் வாங்கிக்கொள்வார். செல்லதுரை அதைக் கண்டுகொண்டதே இல்லை.

2014 ஆவணியில் ஹரிசங்கர் வந்தான். குடவாசல் பக்கம் நிலபுலனோடு இருந்த குடும்பம். நிலத்தை அப்பா காலத்திலேயே விற்றாயிற்று, பையன் பெங்களூரில் கம்ப்யூட்டர் கம்பெனி. திருக்கடையூரில் அப்பா அம்மாவுக்கு அறுபதாம் கல்யாணம் என்று வந்திருந்தான். வந்த வண்டிதான் விசேஷம். ஒன்பது வருடப் பழைய ஸ்போர்ட்ஸ் கார். செகண்ட் ஹேண்டில், அவனுக்கு முன்னால் மூன்று கை மாறி வந்தது. தரையை ஒட்டி, இரண்டே கதவோடு, கருநீலத்தில் நின்றது. நாலு சக்கரமும் இழுக்கிற ஆல் வீல் டிரைவ் வண்டி. குடவாசல் சாலைப் பள்ளம் ஒன்றில் இறங்கி முன் பக்க டயர் ஒன்று பக்கவாட்டில் கிழிந்துபோயிருந்தது.

“ஷார்ஜாவுல இந்த மாதிரி வண்டி நிறைய பாத்திருப்பீங்கல்ல பாய்?” என்றான் ஹரிசங்கர்.

“நம்ம கையில படாத வண்டியா சார்” என்றார் நெய்னா. பார்த்தது உண்மைதான். பக்கத்துக் கொட்டகையில் லிஃப்டில் ஏறி நிற்பதைத் தள்ளி நின்று பார்த்திருக்கிறார்.

திருச்சியில் விசாரித்ததில் அந்த அளவில் இரண்டே டயர்தான் கிடைத்தது. அதுவும் வேறு கம்பெனி. முன்னால் இரண்டையும் புதிதாகப் போட்டுவிடலாம், பின்னால் பழையதே ஓடட்டும் என்று நெய்னா முடிவு செய்தார். டயரைப் பொருத்தும்போதுதான் செல்லதுரை வந்து பக்கத்தில் நின்றார்.

“பாய், முன்னாடி மட்டும் புதுசு வேணாம். பின்னாடி டயர்ல பட்டன் தேஞ்சு வழவழன்னு கெடக்கு. நாலும் ஒரே அளவு இருக்கணும்.”

நெய்னா நட்டுகளை முடுக்கி ஜாக்கியை இறக்கினார். செல்லதுரை ஒரு சாக்பீஸ் எடுத்து முன் சக்கரத்திலும் தரையிலும் கோடு போட்டார். வண்டியை மெதுவாகத் தள்ளி, சக்கரம் ஐந்து சுற்று சுற்றியதும் தரையில் இன்னொரு கோடு. பின் சக்கரத்துக்கும் அதே மாதிரி. டேப் பிடித்துப் பார்த்தார். ஆறு அங்குலம் வித்தியாசம்.

“அஞ்சு சுத்துலயே ஆறு அங்குலம் பாய். பெங்களூர் போற வரைக்கும் எத்தனை லட்சம் சுத்து? டிராக்டர்ல முன்னாடி தப்பு சைஸ் போட்டா சேத்துல ஒண்ணும் தெரியாது, வழுக்கிக் குடுத்துடும். தார் ரோட்டுல எங்க வழுக்கும்? அந்த இழுபறி எல்லாம் பெட்டிக்குள்ளதான் போவும்.”

ஹரிசங்கர் நெய்னாவின் முகத்தைப் பார்த்தான். “அப்படியா பாய்?”

நெய்னாவுக்கு அந்தக் கேள்விக்கு விடை தெரியாது. முன்னாலிருந்து பின்னால் போகும் தண்டு கப்ளிங் என்கிற ஒரு உருளைக்குள் நுழைகிறது, அதற்குள் எண்ணெயில் முங்கிய கிளட்ச் பிளேட்டுகள் இருக்கின்றன, முன் சக்கரம் வழுக்கினால் அவை இறுகிப் பின் சக்கரத்துக்கு இழுவையைக் கொடுக்கும் என்கிற வரைக்கும் கேள்விப்பட்டிருந்தார். அளவு மாறினால் அது என்ன செய்யும் என்பது அவருக்குத் தெரியாது. இரண்டு பேர் பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள்.

“அண்ணே, இது டிராக்டர் இல்ல” என்று சிரித்தார். “இதுக்குள்ள கம்ப்யூட்டர் இருக்கு. அது பாத்துக்கும்.”

“பின்னாடி அந்த கப்ளிங் ஆயில் மாத்தணுமா பாய்?” என்று கேட்டான் ஹரிசங்கர். “ முன்னாடி வச்சிருந்தவங்க மாத்தினாங்களான்னு தெரியலை. பேப்பர் எதுவும் இல்ல.”

“அது ஆயுசுக்கும் ஊத்துற ஆயில் சார். தொடவே வேணாம்.”

செல்லதுரை சாக்பீஸைப் பையில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

அறுபதாம் கல்யாணம் முடிந்து, உறவினர்களை ஏற்றிக்கொண்டு வைத்தீஸ்வரன் கோவில், நாகப்பட்டினம் என்று ஹரிசங்கர் இரண்டு வாரம் சுற்றினான். வளைவில் மெதுவாகத் திருப்பும்போது வண்டி யாரோ பிடித்து இழுப்பதுபோல் முரண்டு பிடித்தது. சாலைதான் மோசம் என்று நினைத்துக்கொண்டான். பெங்களூருக்குத் திரும்பும் வழியில், திருச்சியைத் தாண்டியதும் தீய்ந்த நாற்றம் வந்தது. பின்னால் கடகடவென்று அடித்து, எச்சரிக்கை விளக்கு எரிந்து, வண்டி நின்றுவிட்டது. முழுவண்டியையும் மேலே ஏற்றும் லாரியில் போட்டு நெய்னாவிடமே திரும்பக் கொண்டுவந்தான். வேறு யாரிடம் போவது என்று அவனுக்குத் தெரியவில்லை.

செல்லதுரை கீழே படுத்து கப்ளிங் எண்ணெயை இறக்கினார். கறுப்பாக, கூழாக வந்தது. விரலில் தேய்த்து நீட்டினார். இரும்புத் தூள் வெயிலில் மினுங்கியது. பிளேட்டுகள் எரிந்துபோயிருந்தன. முன்னும் பின்னும் அளவு மாறினதை அந்தக் கம்ப்யூட்டர், சக்கரம் வழுக்குகிறது என்றே எடுத்துக்கொண்டு, வழி முழுக்கப் பிளேட்டை இறுக்கிக்கொண்டே வந்திருக்கிறது. எண்ணெயும் எத்தனையோ வருடத்துப் பழையது. நெய்னாவுக்கு அந்த நிமிடம் எல்லாம் புரிந்தது.

“என்ன ஆச்சு பாய்?” என்றான் ஹரிசங்கர். கோபமாகக்கூடக் கேட்கவில்லை. களைத்துப்போயிருந்தான்.

நெய்னா வாயைத் திறந்தார். உண்மையைச் சொல்லத்தான் திறந்தார் என்று பிற்பாடு தனக்குத்தானே பலமுறை சொல்லிக்கொண்டார். ஆனால் வந்தது வேறு.

“நான் வேணாம்னு சொல்லியும், போன தடவை நம்ம அண்ணன் பின்னாடி ஆயிலை மாத்தித் தப்பா ஊத்திட்டாரு போல சார். டிராக்டர் ஆயில் பழக்கம். நான் கவனிக்காம விட்டுட்டேன்.”

செல்லதுரை இன்னும் காருக்குக் கீழேதான் இருந்தார். வெளியே வந்தார். நெய்னாவை ஒரு தடவை பார்த்தார். குழாயடியில் போய் முழங்கை வரை சோப்புப் போட்டுக் கை கழுவினார். சாப்பாட்டுத் தூக்கை எடுத்துத் தன் மொபெட்டில் மாட்டினார். ஒரத்தநாட்டுப் பக்கம் போய்விட்டார். மறுநாள் வரவில்லை. அதற்கப்புறமும் வரவில்லை.

சென்னையிலிருந்து பழைய கப்ளிங் ஒன்றை வரவழைத்து, நாலு டயரும் ஒரே மாதிரியாகப் பெங்களூரிலிருந்து இறக்கி, நெய்னா தன் செலவிலேயே வண்டியைச் சரி செய்தார். ஹரிசங்கர் நன்றி சொல்லிவிட்டுப் போனான். அந்த நன்றியை வாங்கிக்கொண்டு நின்றதுதான் அவரால் தாங்க முடியாததாக இருந்தது. எதிரில் யாராவது டிராக்டரில் போனால் தலையைக் குனிந்துகொண்டார்.

ஒரு மாதம் கழித்து டீக்கடையில் காதில் விழுந்தது. ஒரத்தநாட்டில் புதிதாகத் திறந்த டிராக்டர் ஷோரூமில் செல்லதுரையை சர்வீஸுக்குத் தலைவராக எடுப்பதாக இருந்தார்களாம். தஞ்சாவூரில் ஒரு காரை எரித்துவிட்டார் என்று பேச்சு வந்ததும் வேண்டாம் என்றுவிட்டார்களாம். டீயை அப்படியே வைத்துவிட்டு நெய்னா எழுந்தார்.

வீட்டில் சபிஹா மீன் கழுவிக்கொண்டிருந்தாள். அவளிடம் எல்லாவற்றையும் சொன்னார். கப்ளிங் விஷயத்தில் தொடங்கியவர், நிறுத்த முடியாமல் ஷார்ஜா டயர் கடை வரைக்கும் சொல்லி முடித்தார்.

“டயர் கடை விஷயம் எனக்குத் தெரியும்” என்றாள் சபிஹா. “கல்யாணமாகி ரெண்டாம் வருஷமே அங்க உங்க ரூமுல கூட இருந்த ஆளு ஒருத்தர் போட்டோ குடுத்துவிட்டாரு. டயர் அடுக்கு முன்னாடி நிக்கிறீங்க.”

“கேக்கவே இல்லியே நீ?”

“கேட்டா நீங்க கூசிப்போவீங்க. அதனாலதான் கேக்கல.” தண்ணீரைக் கொட்டிவிட்டு நிமிர்ந்தாள். “ஆனா இது அப்படி இல்லங்க. அது உங்க மானம். இது அந்த மனுசனோட சோறு. எங்கிட்ட சொல்லி என்ன ஆகப்போவுது?”

பன்னிரண்டு வருடம் அவள் தெரிந்துகொண்டே, விருந்தாளிகள் முன் அவர் ஷார்ஜா பெருமை பேசியபோதெல்லாம் கேட்டுக்கொண்டு இருந்திருக்கிறாள். அவளை நேராகப் பார்க்க அவரால் அன்று முடியவில்லை.

முதலில் ஹரிசங்கருக்குப் போன் செய்து உண்மையைச் சொன்னார். “விடுங்க பாய், அதான் சரி பண்ணிக் குடுத்துட்டீங்களே” என்று அவன் சுலபமாகச் சொல்லிவிட்டான். ஏதோ மீட்டிங்கில் இருந்தான். பிறகு ஷோரூமுக்குப் போனார். மேனேஜர் உட்காரச் சொன்னார். நெய்னா நின்றுகொண்டே சொன்னார்: தப்பு என்னுடையது, அவர் வேண்டாம் என்று சொன்னார், நான்தான் கேட்கவில்லை, பழியையும் நான்தான் போட்டேன்.

“நீங்க வந்து சொன்னது நல்லது பாய்” என்றார் மேனேஜர். “ஆனா ஆள் எடுத்தாச்சு. கும்பகோணத்துப் பையன், போன வாரமே சேந்துட்டான்.”

செல்லதுரை வீட்டில் இல்லை. வயலில் இருப்பதாகச் சொன்னார்கள். ஐப்பசி மாதம், சம்பா நடவுக்கு உழவு ஓடிக்கொண்டிருந்தது. சேற்றில் ஒரு டிராக்டர் அமிழ்ந்து நின்றது. செல்லதுரை முழங்கால் வரை சேற்றில் நின்று முன் அச்சில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தார். வரப்பில் ஐந்தாறு பேர். நெய்னா செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கினார்.

“அண்ணே” என்றார். எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். “அந்தக் காரை எரிச்சது நான்தான். நீங்க சாக்பீஸ் போட்டுக் காட்டினீங்க. எனக்கு அந்த வேலையே தெரியாது. தெரியலன்னு சொல்ல வெக்கப்பட்டு உங்க தலையில போட்டுட்டேன்.”

வரப்பில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். செல்லதுரை அச்சிலிருந்து கையை எடுக்கவில்லை.

“ஷோரூமுக்குப் போயிட்டு வந்தேன். சொல்லிட்டேன். ஆள் எடுத்துட்டாங்களாம்.”

“தெரியும்.”

“நம்ம கடைக்கே வந்துடுங்க அண்ணே. பாதிப் பங்கு உங்களுது.”

“வேணாம் பாய்.” கைச் சேற்றை வழித்துவிட்டு அவரே சொன்னார். “வேல போனது கூடப் பெருசில்ல. எம் பொண்ணு கேட்டுச்சு, ‘காரை எரிச்சிட்டியாமேப்பா, ஸ்கூல்ல சொல்றாங்க’ன்னு. இல்லம்மான்னேன். நம்புச்சா இல்லையான்னு எனக்கு இன்னிக்கு வரைக்கும் தெரியல.”

சேறு குளிர்ந்து கிடந்தது. செல்லதுரை ஒரு ஸ்பேனரை அவர் பக்கம் நீட்டினார். “அந்தப் பக்கம் நட்டைப் பிடிங்க, சுத்துது.” நெய்னா பிடித்தார். வண்டி வெளியே வரும் வரை கூடவே நின்றார். மன்னித்துவிட்டேன் என்று செல்லதுரை சொல்லவில்லை. நெய்னாவும் கேட்கவில்லை.

அடுத்த வருடம் செல்லதுரை ஒரத்தநாட்டில் தனியாகக் கொட்டகை போட்டார். நாலு சக்கரமும் இழுக்கிற வண்டி எது வந்தாலும் நெய்னா அங்கே அனுப்பினார். “இது எனக்குத் தெரியாது சார், ஒரத்தநாட்டுல ஒருத்தர் இருக்காரு” என்பார். சொல்லும்போது ஒவ்வொரு தடவையும் முகம் சூடேறும். ஷார்ஜா பாய்க்கே தெரியாதா என்று சிலர் சிரிப்பார்கள். செல்லதுரை வேலையைச் சுத்தமாகச் செய்து அனுப்புவார். வண்டிக்காரர் மூலம் ஒரு வார்த்தைகூடச் சொல்லி அனுப்பமாட்டார்.

2018-இல் செல்லதுரை மகள் கல்யாணத்துக்குப் பத்திரிகை தபாலில் வந்தது. நேரில் வந்து வைக்கவில்லை. அனுப்பாமலும் விடவில்லை. நெய்னா சபிஹாவையும் கூட்டிக்கொண்டு போனார். கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். பந்தியில் இலை விசாரித்துக்கொண்டு வந்த செல்லதுரை, “நல்லா சாப்பிடுங்க பாய்” என்றுவிட்டு அடுத்த இலைக்குப் போனார்.

மேடையில் பரிசுப் பொட்டலத்தைக் கொடுத்தபோது மணப்பெண் அவரை உற்றுப் பார்த்தாள்.

“நீங்கதான ஷார்ஜா பாய்?”

“ஆமாம்மா.”

“அப்பா சொல்லியிருக்காங்க” என்றாள்.

என்ன சொன்னார் என்று நெய்னா கேட்கவில்லை. “நல்லா இருக்கணும்மா” என்று மட்டும் சொல்லிவிட்டு, பின்னால் நின்றவர்களுக்கு வழிவிட்டு மேடையிலிருந்து இறங்கினார்.