முடிவுக்குக் கட்டுப்பட்ட சாலை

மாதப் பூசம் என்றால் அம்மா வடலூரில்தான் இருப்பாள். எங்களிடம் அவள் கேட்டுக்கொண்டது ஒன்றே ஒன்று. "என்னைய எரிச்சிடாதீங்க." வள்ளலாரின் சன்மார்க்க வழியில் போகிறவர்களை எரிப்பதில்லை, புதைப்பார்கள். கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் வழியில் இருக்கும் எங்கள் முந்திரிக் கொல்லையின் ஓரத்தில் அவளை அடக்கம் செய்தோம்.

இரண்டு வருடம் கழித்து சர்வேயர்கள் வந்து கல் நட்டார்கள். நான்குவழிச் சாலைக்கு அந்த ஓரம்தான் வேண்டுமாம். வழக்கு வேண்டாம் என்று அப்பா தயங்கினார், நான் விடவில்லை. பள்ளிக்கூட டீச்சர், நாலு எழுத்து படித்தவள் என்ற திமிர் எனக்கு. பாதையைக் கொஞ்சம் தள்ளிப் போடச் சொல்லிச் சென்னையில் மனு போட்டோம்.

நீதிமன்றம் தடை கொடுக்கவில்லை. நடக்கும் வேலைகள் இந்த மனுவின் முடிவுக்குக் கட்டுப்பட்டவை என்று ஒரு வரி மட்டும் உத்தரவில் இருந்தது. அந்த வரியை அப்பாவுக்கு எத்தனை முறை படித்துக் காட்டியிருப்பேன். நாம் ஜெயித்தால் போட்ட ரோட்டையே பெயர்த்து எடுத்துவிடுவார்கள் என்று விளக்கம் வேறு கொடுத்தேன். இப்போது நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

ஒருநாள் சாலை வேலையைப் பார்க்கும் அதிகாரி வீட்டுக்கே வந்தார். நல்ல மனுஷன். தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு அப்பாவிடம் மெதுவாகச் சொன்னார்.

"ஒரு மாசம் டைம் தர்றோங்கய்யா. அம்மாவ எடுத்து வேற எடத்துல வச்சிடுங்க. ஆளு, வண்டி எல்லாம் நாங்க அனுப்பறோம்."

அப்பா என்னைப் பார்த்தார். "என்னம்மா, எடுத்துடலாமா?"

நான் உள்ளே போய் வக்கீலுக்குப் போன் போட்டேன். "நீங்களே எடுத்துட்டா கேஸ்ல அப்புறம் என்னம்மா இருக்கு? அப்படியே முடிச்சிடுவாங்க" என்றார்.

வெளியே வந்து, "எடுக்க வேணாம்ப்பா. எடுத்தா நம்ம கேஸ நம்மளே கெடுத்துக்கிட்ட மாதிரி" என்றேன். அப்பா தலையாட்டினார். அதிகாரி இன்னொரு தடவை கேட்டுப் பார்த்துவிட்டு எழுந்து போனார்.

அப்புறம் வாய்தா, வாய்தா, வாய்தா. பதில் மனு வரவில்லை, நீதிபதி மாறிவிட்டார், கோடை விடுமுறை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் நடுவில் சாலை கொல்லைக்குக் கிட்டே வந்துகொண்டிருந்தது. மண் கொட்டி மேடாக்கிய அன்று அப்பா மட்டும் போய் நின்றிருக்கிறார். சண்டை எதுவும் போடவில்லை. லாரி டிரைவரிடம், "கேஸ் இருக்குதுப்பா" என்று மட்டும் சொன்னாராம்.

கடைசியில் வழக்கு விசாரணைக்கு வந்தது. இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. சாலை போக்குவரத்துக்குத் திறந்தாகிவிட்டது, இனி முடிவு செய்ய எதுவும் இல்லை என்று மனுவை முடித்துவைத்தார்கள். நாங்கள் சொன்னது சரியா தப்பா என்று யாரும் பார்க்கவில்லை. வழக்கு கெட்டுவிடக் கூடாதென்றுதான் அம்மாவை அங்கேயே விட்டுவைத்தேன்.

உத்தரவை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். கேட்டுவிட்டு, "ஒங்கம்மாவப் பத்தி எதுனா எழுதியிருக்காங்களா?" என்றார்.

"இல்லப்பா."

அவர் என்னைத் திட்டியிருக்கலாம். இன்றுவரை ஒரு வார்த்தை சொன்னதில்லை.

போன மாதம் சிதம்பரத்தில் ஒரு கல்யாணம். அப்பாவும் நானும் பஸ்ஸில் போனோம். எங்கள் கொல்லை வரும் சமயத்தில் அப்பா செருப்பைக் கழற்றினார். இரண்டு காலையும் தூக்கி சீட்டின் மேல் மடித்து வைத்துக்கொண்டார்.

"கால் வலிக்குதாப்பா?"

"இல்லம்மா. கீழ ஒங்கம்மா இருக்கால்ல."

நானும் அவசரமாகச் செருப்பை உதறிவிட்டுக் காலைத் தூக்கினேன். பஸ் நல்ல வேகத்தில் போய்க்கொண்டிருந்தது. மன்னிச்சிடும்மா என்று மனசுக்குள் சொல்லி முடிப்பதற்குள் கொல்லை பின்னால் போய்விட்டது.