பன்னிரண்டு மணி ஹாரன்

லோரி ஓட்டுகிறவனுக்கு நேரம் என்று ஒன்று கிடையாது என்று இந்தத் தேயிலைத் தோட்டத்தில் எல்லோருக்கும் நினைப்பு. பல வருஷமாக எனக்கு இந்த எரிச்சல் உண்டு. கொழுந்து மூட்டைகளை ஏற்ற மலைமேல் போய் ஹாரன் அடிப்பேன். கொழுந்து வெட்டும் பெண்கள் நிமிரக்கூட மாட்டார்கள். "கடைசிக் கை, விஜயா" என்று சொல்லிவிட்டு இன்னொரு வரிசையில் கத்தரியை ஓட்டுவார்கள். அந்தக் கடைசிக் கைக்குப் பிறகும் ஒரு கடைசிக் கை இருக்கும். நான் வண்டிக்குள் குந்தி பனியைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

அவர்களுக்குக் கங்காணி வடிவம்மாள் அக்கா. அவர் புருஷன் பக்கவாதம் வந்து மலையடிவாரத்துத் தாப்பாவில் மகள் வீட்டில் கிடந்தார். அக்கா ஞாயிற்றுக்கிழமை காலை பஸ்ஸில் இறங்கிப் போய், அவருக்குச் சோறு ஊட்டிவிட்டு, சாயங்காலமே மலை ஏறிவிடுவார். ஓர் இரவு அவர் பக்கத்தில் தங்க முடியவில்லையே என்பதுதான் அவருடைய குறை.

வாரத்துக்கு நாற்பத்தெட்டு மணி நேர வேலையை நாற்பத்தைந்தாகக் குறைக்கச் சட்டம் வந்தது. தினமும் அரை மணி முன்னால் விடலாம் என்று மானேஜர் யோகேந்திரன் துரை திட்டம் போட்டு, எங்களைக் கூட்டிச் சொன்னார். எல்லோரும் தலையாட்டினார்கள். அக்கா மட்டும் எழுந்தார்.

"அரை மணியில நான் லயத்து வீட்டுக்குப் போய்க் கால் கழுவுவேன், துரை. அந்த மூணு மணியையும் சனிக்கிழமை மத்தியானம் மொத்தமா குடுங்க. அவங்கவங்க போற எடத்துக்குப் போவாங்க."

வெட்டுகிற கிலோ குறைந்தால் கூலியும் குறையும் என்று அக்கா கூட்டத்துக் காளியம்மா முணுமுணுத்தாள். அதற்கும் அக்கா வழி வைத்திருந்தார். தூரத்துச் சரிவுகளை வெள்ளிக்குள் முடித்துவிட்டு, சனிக்கிழமைக்கு ரோட்டோரத்தை வைத்துக்கொண்டால் நடை மிச்சம். இரண்டு சனிக்கிழமை பார்க்கலாம், பன்னிரண்டுக்கு லோரி கிளம்பாவிட்டால் தினமும் அரை மணிதான் என்றார் துரை.

முதல் சனிக்கிழமை பன்னிரண்டுக்கு ஹாரன் அடித்தேன். கடைசிக் கை. அக்காவும் சேர்த்துத்தான், கை அப்படிப் பழகிவிட்டது. லோரி பேக்டரிக்கு வந்தபோது ஒரு மணி தாண்டியிருந்தது. துரை வாசலில் நின்று கடிகாரத்தைப் பார்த்தார். தாப்பா பஸ்ஸும் போய்விட்டது.

அடுத்த வாரம் ஹாரன் கேட்டதும் அக்கா பாதி வரிசையில் கத்தரியை நிறுத்தினார். ஒரு பக்கம் வெட்டியும் மறுபக்கம் வெட்டாமலும் செடி நின்றது. அவர் அப்படி விட்டு நான் பார்த்ததே இல்லை. நிறையாத மூட்டையைக் கொண்டுவந்து லோரியில் போட்டு, தானும் ஏறி உட்கார்ந்துகொண்டார்.

"என்னக்கா, பாக்க அசிங்கமா இருக்கு லா," என்றாள் காளியம்மா.

"திங்கக்கிழமை வந்து அழகு பண்ணிக்கலாம். ஏறு."

புலம்பிக்கொண்டே ஒவ்வொருத்தியாக வந்தார்கள். திட்டியிருந்தால் ஒருத்தியும் வந்திருக்க மாட்டாள். தன் வரிசையையே அரைகுறையாக விட்டுவிட்டு வந்தாரே, அதுதான் அவர்களைச் சரிவிலிருந்து இறக்கியது. எனக்கு யார்மேலும் அவ்வளவு சுலபத்தில் மரியாதை வராது. அன்றைக்கு வந்தது.

சனிக்கிழமை மத்தியானம் எங்களுக்கு நிலைத்தது. அக்கா ஒவ்வொரு சனிக்கிழமையும் தாப்பாவில் தங்கினார். வருஷக் கடைசியில் வேலையை விட்டுப் புருஷனோடேயே இருக்கக் கிளம்பினார். காளியம்மா கங்காணியானாள்.

ரிங்லெட் டவுனில் பஸ் நிற்கும் இடம்வரை நான்தான் சாமான்களை ஏற்றிப் போனேன். இறங்கியவர், லோரிக் கதவை விடாமல் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"பன்னண்டுக்கு மேல யாருக்கும் நிக்காத, விஜயா. காளியம்மா கெஞ்சுவா. சைட் கண்ணாடியப் பாக்காம ஓட்டு."