அழக்கூடாத கல்

எண்பதுகளின் தொடக்கத்தில், ஒரு பங்குனி மாதம், ஒரே ஒரு வாக்கியத்துக்காக ஜவ்வாது மலை ஏறினேன். சிரிக்காதீர்கள், மெய்ப்புத் திருத்துகிறவள் பிழைப்பு அப்படித்தான். வரலாறு, இலக்கியம், மனித உணர்ச்சி என்று புத்தகம் புத்தகமாக எழுதிய என் பேராசிரியர் மார்கழியில் இறந்துபோனார். அழுகையைப் பற்றிய அவர் நூலின் மறுபதிப்பு என் கைக்கு வந்தது. அதில் ஜவ்வாது மலை வீரன் கல் ஒன்றைப் பற்றி ஒரு வரி: ‘இந்த நடுகல்லுக்கு இன்று அழுவாரில்லை, ஊர் மறந்துவிட்டது.’ பக்கத்தில் அவரே பென்சிலால் கேள்விக்குறி போட்டிருந்தார். வைப்பதா, வெட்டுவதா? கேட்க ஆளில்லை. அவர் சாவுக்கு எனக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை என்பது வேறு உறுத்திக்கொண்டே இருந்தது.

வாணியம்பாடியில் காலை ஏழு மணிப் பேருந்து, ஆலங்காயத்துக்கு ஒன்றேகால் ரூபாய். அதற்கு மேல் நடைதான். தண்ணீர் கொண்டுபோகாதது என் மடத்தனம்.

மலையூரில் புளி தட்டிக்கொண்டிருந்த சின்னபாப்பா என்ற பெண் தண்ணீர் கொடுத்து, நான் யாருடைய மாணவி என்று கேட்டுக்கொண்டு, கல்லுக்கும் கூட்டிப்போனாள். நடுப்பகல். புளியமரத்தில் ஒரு காக்கைகூட இல்லை. வில் பிடித்த வீரனின் பழைய கல்லுக்குப் பக்கத்தில், முழங்கால் உயரத்தில் புதிதாக இன்னொரு கல்.

“இது யாருக்கு?” என்றேன்.

“உங்க கண்ணாடிக்கார வாத்தியாருக்குங்க. ஐப்பசியில நட்டோம்.”

“அவர் இறந்ததே மார்கழியிலதானே!”

அவள் திடுக்கிடவில்லை. அதுதான் என்னை இன்னும் பயமுறுத்தியது.

“கல்லுல எழுதியிருக்கறத எங்களுக்குப் படிச்சிச் சொன்னாருங்க. சொல்லச்சொல்லவே அழுதுட்டாரு. இங்க அழுதவங்கள வீரன் தொணைக்குக் கூப்டுக்குவான். அதான் அப்பவே கல்லு நட்டுருவோம். சொன்னா, வாத்தியாரு சிரிச்சிட்டுப் போய்ட்டாரு.”

ஊர் எதையும் மறக்கவில்லை. பயந்துபோய், கண்ணீரை அடக்கிக்கொண்டு கும்பிட்டு வந்திருக்கிறது.

புதுக் கல்லின் தலையில் ஒரு சிட்டிகை மூக்குப்பொடி வைத்திருந்தார்கள். அவர் பழக்கம் அது. பார்த்ததும், இத்தனை நாள் வராதது கண்ணில் முட்டிக்கொண்டு வந்தது. சின்னபாப்பா என் தோளைப் பிடித்துத் திருப்பினாள்.

“இன்னாங்க பண்றீங்க! இங்க வாணாம். வூட்டுக்குப் போய் அழுவுங்க.”

பல்லைக் கடித்துக்கொண்டு இறங்கினேன். ‘ஊர் மறந்துவிட்டது’ என்பதை வெட்டினேன். ‘அழுவாரில்லை’ இருக்கிறது.

போகிறவர்கள் தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள், இருட்டுமுன் ஆலங்காயம் வந்துவிடுங்கள். நான் இன்னும் உயிரோடுதான் இருக்கிறேன். ஆனாலும் அன்று அவள் என்னைத் திருப்புவதற்குள் ஒரு சொட்டு விழுந்ததா இல்லையா என்று இன்றுவரை நிச்சயமில்லை. மறுபடி நான் போகவில்லை. நீங்கள் போனால், அங்கே எத்தனை கல் இருக்கிறது என்று என்னிடம் வந்து சொல்லாதீர்கள்.