கடலூரில் சுத்தம் செய்யப்பட்ட பதினோரு கேசட்டுகள்

நடராஜரைப் பார்க்கவோ பிச்சாவரத்தில் படகில் சுற்றவோ கிளம்புகிறவர்கள் இந்தப் பதிவைப் படித்து ஏமாற வேண்டாம். போன மாதம், வைகாசி முகூர்த்தங்கள் ஓய்ந்த வாரத்தில், நான் சென்னையிலிருந்து கடலூருக்கும் அங்கிருந்து சிதம்பரத்துக்கும் போனது பதினோரு பழைய கேசட்டுகளுக்காக. இதை எழுதும்போதும் கோபம் தீரவில்லை. பேருந்து நேரம், கட்டணம் எல்லாம் சரியாகவே தந்திருக்கிறேன். அதற்காக மட்டும் படித்தாலும் சரி.

கேசட்டுகளில் என்ன இருந்தது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். அரபு, எபிரேயம், எத்தியோப்பியாவின் அம்ஹாரிக், பழைய எகிப்து மொழி எல்லாம் ஒரே பெருங்குடும்பம். நைஜீரியா, சாட் பக்கம் பேசப்படும் சாடிக் மொழிகள் அந்தக் குடும்பத்தின் ஒரு கிளை. அதில் பெரியது ஹௌசா. மூச்சை அடைத்துக்கொண்டு 'க்' என்று சொல்லிப் பாருங்கள், தொண்டையில் சின்னதாக ஒரு வெடிப்பு கேட்கும். அம்ஹாரிக்கிலும் ஹௌசாவிலும் அந்த வெடிப்பு உண்டு. அரபில் அதற்குப் பதிலாக அடித்தொண்டையை அழுத்தும் கனத்த ஒலிகள்தான். வெடிப்புதான் மூத்தது, அரபுதான் மாறிப்போனது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியென்றால் ஹௌசாவுக்குப் பக்கத்தில் இருக்கும் சிறு சாடிக் மொழி ஒன்றில் அது கேட்டால், அது பூர்வீகச் சொத்தா, ஹௌசாக்காரர்களின் சந்தையில் வாங்கி வந்ததா? என் ஆய்வு முழுக்க இந்த ஒரு கேள்விதான். ஐந்து வருடமாக இது என் உயிரை வாங்குகிறது.

ரெஜினா டீச்சர் சிதம்பரத்துக்காரர். எண்பதுகளில் கணவரோடு வட நைஜீரியாவுக்குப் போய் ஒன்பது வருடம் பள்ளியில் உயிரியல் நடத்தியவர். பக்கத்து வீட்டு லாடி என்ற பெண் தன் சிறு மொழியில் கதை சொல்ல, அதை டீச்சர் வீட்டில் பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். லாடிக்கு ஹௌசா சரியாக வராதாம். அதாவது சந்தைச் சரக்கு கலக்காத வாய். இதைக் கேள்விப்பட்ட அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

டீச்சரின் கேசட் பிளேயர் கெட்டுப் பத்து வருடம் ஆகிறது. அதனால் ஃபைலாக மாற்றலாம் என்றதும் அவரும் ஆசையாக ஒத்துக்கொண்டார். மஞ்சக்குப்பத்தில் ஒரு கல்யாண வீடியோ ஸ்டூடியோவில் இன்னும் ஓடுகிற கேசட் டெக் இருப்பது தெரிந்து, டீச்சரின் தம்பி மகன் மூலமாகக் கேசட்டுகளை அங்கே சேர்க்க வைத்தேன். ஃபைல்களை நான் வாங்கிக்கொண்டு போக வேண்டும், இருவரும் உட்கார்ந்து கேட்க வேண்டும். திட்டம் இவ்வளவுதான்.

கிளாம்பாக்கத்தில் காலை 5.40க்குப் பேருந்து. புதுச்சேரி வழி, 175 ரூபாய். வழியில் ஒரு மோட்டலில் இருபது நிமிடம் நிறுத்துவார்கள். அந்தக் காபியைக் குடிக்காதீர்கள். 9.55க்குக் கடலூர். பேருந்து நிலையத்திலிருந்து மஞ்சக்குப்பம் இரண்டரை கிலோமீட்டர், ஆட்டோ 80 ரூபாய். நூற்றிருபதில் ஆரம்பிப்பார்கள், விடாதீர்கள்.

ஸ்டூடியோ வைத்திருக்கும் பாஸ்கருக்கு ஐம்பது வயதிருக்கும். டீ வாங்கிக் கொடுத்து, ஹெட்போனை என் கையில் தந்துவிட்டு, பரீட்சை எழுதிய பையன் மாதிரி பக்கத்தில் நின்றார். முதல் ஃபைல் ஓடியது. லாடியின் குரல் பளிச்சென்று இருந்தது. இரண்டாவது நிமிடத்தில் நிறுத்தி, முதலிலிருந்து மறுபடி ஓட்டினேன். வெடிப்பு எங்கேயும் இல்லை. வெடிப்பு இருந்திருக்க வேண்டிய இடத்தில் மழுங்கலாக ஒரு 'க்'. அடுத்த ஃபைலிலும் அப்படித்தான். லாடி நம் பண்ருட்டிப் பெண் மாதிரிப் பேசிக்கொண்டிருந்தாள்.

என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். பாஸ்கர் பெருமையாகச் சொன்னார்.

"டிக்கு டிக்குனு சத்தம் வந்துச்சு மேடம். பழைய டேப்பு, கீறல் வுழுந்திருக்குனு நெனச்சேன். மூணு நாளு உக்காந்து ஒண்ணு வுடாம எடுத்துட்டேன். அந்தம்மா கொரலத் தவிர ஒண்ணும் இருக்காது."

கத்தினேன். வாசலில் போனவர்கள் நின்று பார்க்கிற அளவுக்குக் கத்தினேன். ஆயிரக்கணக்கான வருடம் தாண்டி வந்த ஒரு ஒலியை மூன்று நாளில் துடைத்து எறிந்திருக்கிறீர்களே என்றேன். அவருக்குப் பாதி புரியவில்லை. துடைப்பதற்கு முந்தைய ஃபைல் எங்கே என்றேன். முகூர்த்த சீசனில் ஹார்ட் டிஸ்கில் இடமில்லை, அழித்துவிட்டாராம். கேசட்டுகள்? காயலான் கடைக்குப் போட்டுவிட்டாராம். யாரைக் கேட்டுப் போட்டீர்கள் என்று மேசையைத் தட்டினேன்.

அவர் டீ கிளாசை ஓரமாக நகர்த்தி வைத்தார். போனை எடுத்து, இரண்டு மாதத்துக்கு முன் நான் அனுப்பிய வாட்ஸ்அப் குரல் செய்தியைப் போட்டார். என் குரல்தான். "சார், பின்னாடி கேக்குற சத்தம், இரைச்சல் எல்லாம் எடுத்துட்டு நல்லா க்ளீனா குடுங்க. கேசட்டெல்லாம் வேணாம், பூசணம் புடிச்சுக் கெடக்கும், தூக்கிப் போட்டுருங்க. ஃபைல் போதும்." வேறு ஏதோ வேலைக்கு நடுவில், எரிச்சலோடு சொன்ன குரல். ஒரு வார்த்தை தெளிவில்லாமல் இல்லை.

காயலான் கடை முதுநகரில். ஆறு கிலோமீட்டர், ஆட்டோ 150 ரூபாய், பேரம் பேசும் நிலையில் நான் இல்லை. பிளாஸ்டிக் லோடு போய் ஒரு மாதம் ஆகிறது என்று தராசுக்குப் பக்கத்திலிருந்து எழுந்திருக்காமலே சொன்னார்கள். பேருந்து நிலையத்துக்குத் திரும்பி 1.10க்குச் சிதம்பரம் பேருந்தைப் பிடித்தேன். 45 கிலோமீட்டர், 40 ரூபாய், ஒன்றேகால் மணி நேரம். அந்த ஒன்றேகால் மணி நேரமும் பாஸ்கரை மனதுக்குள் திட்டித் தீர்த்தேன். என்னைத் திட்டத் தைரியம் வரவில்லை.

டீச்சர் வீடு வடக்கு வீதிக்குப் பின்னால். எனக்காகச் சாப்பிடாமல் காத்திருந்தார். ஆனாலும் சாப்பாடு இருக்கட்டும் என்று முதலில் ஹெட்போனைத்தான் வாங்கி மாட்டிக்கொண்டார். லாடி குரல் வந்ததும் முகம் மலர்ந்தது. நான் எதிரே உட்கார்ந்து என் வெடிப்பொலி போன கதையைப் புலம்பிக்கொண்டிருந்தேன். அவர் காதில் அது விழவில்லை. ஒரு ஃபைலைப் பாதியில் நிறுத்தி அடுத்ததற்குப் போனார், அங்கிருந்து இன்னொன்றுக்கு. மலர்ச்சி போய்விட்டது. ஹெட்போனைக் கழற்றினார்.

"இதுல அவுரு எங்கம்மா?"

எனக்கு விளங்கவில்லை. சார், அதாவது அவர் கணவர், பேசியிருக்கிறாரா என்று கேட்டேன்.

"பேச மாட்டாரு. பட்டன அமுக்கிட்டுப் பக்கத்துல உக்காந்திருப்பாரு. அந்த ஊரு புழுதி ஒத்துக்காது, இருமல் ஜாஸ்தி. கத பூரா இருமிக்கிட்டே இருப்பாரு, லாடி சிரிப்பா. போட்டோதான் இருக்குது, வேற எதுலயும் அவுரு சத்தம் கெடையாது. நான் அதுக்குத்தாம்மா குடுத்தேன்."

சார் போய் ஆறு வருடம் ஆகிறது. கேசட்டாவது திரும்ப வருமா என்று கேட்டார். இல்லை என்றேன். அழவில்லை. யார் இப்படிச் செய்யச் சொன்னது என்று மட்டும் கேட்டார். ஸ்டூடியோக்காரர் என்னைக் கேட்காமல் செய்துவிட்டார் என்றேன். யோசிக்கவே இல்லை, வாய் தானாகச் சொன்னது.

டீச்சர் என் போனிலிருந்தே பாஸ்கரைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டார். எங்கே என் செய்தியைப் போட்டுக் காட்டிவிடுவாரோ என்று நான் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன். டீச்சர் சொன்னதையெல்லாம் அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். கல்யாண வீட்டாரிடம் திட்டு வாங்கிப் பழகிய மனிதர்.

"தப்பு என் மேலதாம்மா. மேடத்துக்கு ஒண்ணும் தெரியாது. நாந்தான் கேக்காம பண்ணிட்டேன்."

சாப்பிட உட்கார்ந்தோம். டீச்சர் என்னைத்தான் தேற்றினார். உன் படிப்பு போச்சேம்மா என்றார். இறால் தொக்கு வைத்திருந்தார். தின்றேன், அதையும் தின்றேன்.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். சிதம்பரத்திலிருந்து சென்னை திரும்ப ரயிலுக்கு முன்பதிவு செய்துவிடுங்கள். மாலைப் பேருந்தில் புதுச்சேரி வரை நின்றுகொண்டுதான் வந்தேன். வீட்டில் பழைய கேசட் இருந்தால் மாற்றுகிறவரிடம் உள்ளதை உள்ளபடி கேளுங்கள், சுத்தம் செய்வதை அப்புறம் தனிப் பிரதியில் பார்த்துக்கொள்ளலாம். கேசட்டை ஒருபோதும் தூக்கிப் போடாதீர்கள். யாருடையதோ அவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள், இதில் உங்களுக்கு எது வேண்டும் என்று.

ரெஜினா டீச்சர் இந்தத் தளத்தை விடாமல் படிப்பவர். டீச்சர், பாஸ்கர் என்னைக் கேட்காமல் செய்யவில்லை. எடுக்கச் சொன்னது நான். கேசட்டுகளைத் தூக்கிப் போடச் சொன்னதும் நான். மூன்று வாரமாக உங்கள் போனை நான் எடுக்காதது அதனால்தான்.