கணவாய் மை

ராயபுரத்தில் ஒரு மாடி வீடு. வெளியூரிலிருந்து வந்த நாங்கள் நான்கு பேர் இங்கே இத்தாலியச் சமையல் கற்கிறோம். சொல்லித்தருபவர் கப்பலில் சமையல்காரராக இருந்தவர். இன்றைக்குக் கணவாய் மீனின் மை கலந்த கறுப்புப் பாஸ்தா. மாவைக் குவித்து, நடுவே குழி பறித்துக் காத்திருக்கிறோம். மீன் விற்கும் தேசம்மா கணவாய்த் தட்டோடு படியேறி வருகிறார். எல்லாம் பளிச்சென்று வெள்ளை.

"மை எங்கம்மா?" என்கிறார் சமையல்காரர்.

"அந்தக் கலீஜா? நல்லா கயுவி ஊத்திட்டேன்."

"அதுதாம்மா வேணும்."

தேசம்மா எங்கள் மாவுக் கைகளை ஒருமுறை பார்த்துவிட்டு இறங்கிப் போகிறார். திரும்பி வரும்போது முந்தானைக்குள் ஒரு பொட்டலம்.

"கயுவாத கணவா. நான் குட்தேன்னு மார்க்கெட்ல யார்கிட்டயும் சொல்லிடாதீங்க. பேரு நாறிப்பூடும்."