ஸ்டெல்லா ஆன்ட்டி வரைந்த தட்டு

இன்று காலை அடையாறில் பல் டாக்டர் என் சொத்தைப் பல்லில் கிராம்புத் தைலம் வைத்ததும் ஸ்டெல்லா ஆன்ட்டி ஞாபகம் வந்துவிட்டது. மயிலாப்பூரில் எங்கள் வீட்டு மாடியில் குடியிருந்தவர். வண்ணப் பொடியைக் கிராம்புத் தைலத்தில் குழைத்து, வெள்ளைப் பீங்கான் தட்டுகளில் ரோஜா வரைந்து, சிறிய மின்சூளையில் சுட்டெடுப்பார். மாடிப்படி வரைக்கும் அந்த வாசனை இறங்கி வரும்.

என் பன்னிரண்டாவது பிறந்தநாளுக்கு அப்படி ஒரு தட்டு கொடுத்தார். நான் அதன் பின்பக்கமிருந்த அவர் கையெழுத்தின் மேல் என் பெயர்ச்சீட்டை ஒட்டி, நானே வரைந்ததாகப் பள்ளிக் கண்காட்சியில் வைத்துவிட்டேன். முதல் பரிசு கிடைத்தது. பரிசு கொடுக்கத் தலைமையாசிரியை அழைத்து வந்தது ஆன்ட்டியைத்தான்.

எந்தத் தட்டை எடுத்தாலும் முதலில் திருப்பிப் பார்ப்பது அவர் வழக்கம். அன்று திருப்பவில்லை.

"ரோஜா நல்லா வந்திருக்கு. இலைதான் கொஞ்சம் தடிப்பு," என்று சொல்லி என் கையில் கோப்பையைக் கொடுத்தார்.

அதற்குப் பிறகு நான் மாடிக்குப் போகவே இல்லை. இரண்டு வருடம் கழித்து அவர் ஊரை விட்டுப் போனபோதும் குளியலறையில் ஒளிந்துகொண்டேன்.

கிளினிக்கிலிருந்து வெளியே வந்ததும் அம்மாவுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன்.

"எனக்குத் தெரியும்டீ. அவ அன்னிக்குச் சாயங்காலமே வந்து சொல்லிட்டா. குழந்தையை ஒண்ணும் கேட்காதீங்கோ, தானா வந்து சொல்லுவாள்னா. ஊரை விட்டுப் போற அன்னிக்குக்கூட, சொன்னாளான்னு கேட்டுண்டுதான் போனா."